அறுபடுவதற்காகக் கட்டிய பாலம்

கலைஞருள் இரு வகையினர் உளர். தாம் செய்த பொருள் நெடுங்காலம் நிலைத்து நிற்க வேண்டும் என்று உழைப்பவர் ஒரு வகையினர். கோயிற் கோபுரத்தை எழுப்பிய சிற்பியும், குளத்துக்குக் கரை கட்டிய கம்மியனும் அவ்வகையினர். அவர்தம் பெயர் மறைந்தாலும் அவர் செய்த வேலை மறைவதில்லை. மற்றொரு வகையினர், தாம் செய்த பொருள் குறித்த நாழிகையில் அழிந்தொழிய வேண்டும் என்பதற்காகவே அதனைச் செவ்வனே செய்பவர். மகாபாரதத்திலே புரோசனன் வாரணாவதத்தில் அமைத்த அரக்கு மாளிகையை நினைவு கூர்ந்தால் இது விளங்கும். கண்டார் கண்ணுக்கு அது மாளிகையாகவே தோன்ற வேண்டும். தீ வைத்த கணத்தில் நின்று பிடியாமல் எரியவும் வேண்டும். புரோசனனின் நோக்கம் தீயது. ஆயினும் அவன் மேற்கொண்ட வேலை எளியதன்று.

இந்த இரண்டாம் வகை வேலையைக் கொடுமை எதுவும் இன்றி, மக்களின் மகிழ்ச்சிக்காகவே செய்வதற்கு இருபதாம் நூற்றாண்டில் ஒரு தொழில் தோன்றிற்று. அதுவே திரைப்படத் தந்திரக் காட்சிக் கலை. தமிழ் நாட்டுத் திரைப்படங்களின் தொடக்க எழுத்துக்களில் ‘தந்திரக் காட்சி’ என்ற சொல்லைக் கண்டு பழகியவர் பலர். 1957ஆம் ஆண்டில் வெளிவந்த ‘மாயா பஜார்’ படத்தில் கடோற்கசன் முன்னிருந்த பண்டங்கள் தாமாக எழுந்து அவன் வாயுட் புகுந்ததை அறியாத தமிழர் குறைவு. அம்மாயத்தைப் படம் பிடித்த மார்க்கஸ் பார்ட்லி என்பாரின் பெயரை அறிந்தவரோ அதனினும் குறைவு. மாயம் நினைவில் நிற்கும். மாயம் செய்தவன் மறைந்துபோவான். இத்தொழிலின் விதி அது.

இவ்விதிக்கு உட்பட்ட கலைஞர் ஒருவர், தம் வாழ்நாளின் மிகப் பெரிய வேலைகளுள் ஒன்றை 1983ஆம் ஆண்டில் கண்டியை அடுத்த மகாவலிப் பள்ளத்தாக்கிலே செய்து முடித்தார். அவர் பெயர் ஜோர்ஜ் கிப்ஸ். பிரித்தானிய நாட்டினர். இரு முறை ஒஸ்கார் பரிசு பெற்றவர். அவருடைய வேலையை உலகெங்கும் கோடிக்கணக்கானோர் கண்டிருக்கின்றனர். ஆயினும், அவர் கட்டிய பாலம் எழுந்து நின்ற மலைச்சாரலுக்கு அண்மையில் வாழ்வோரிடையே கூட அவர் பெயரைக் கேட்டறிந்தவர் மிகச் சிலரே.

கண்டி நகரிலிருந்து கிழக்கு நோக்கி மகியங்கனைக்குச் செல்லும் நெடுஞ்சாலை, தென்னக்கும்புரவில் மகாவலி கங்கையைக் கடந்து, குண்டசாலை, பல்லேகல, திகன ஆகிய ஊர்களின் வழியாகத் தெல்தெனியாவை அடைகின்றது. இன்று பல்லேகல என்றதும் அங்கு 2009ஆம் ஆண்டில் திறக்கப்பட்ட துடுப்பாட்ட அரங்கமே பலர் நினைவுக்கு வரும். 1980ஆம் ஆண்டுகளின் முற்பகுதியிலோ இப்பகுதியின் பேச்செல்லாம் விக்ரோறியா அணைக்கட்டைப் பற்றியதாகவே இருந்தது. மகாவலித் திட்டத்தின் மணிமுடி என்று கருதப்பட்ட அவ்வணை, பிரித்தானிய அரசின் நிதியுதவியோடு எழுந்தது. பிரித்தானிய நிறுவனங்களான பல்பூர் பீற்றியும் எட்மண்ட் நட்டாலும் கூட்டாக அதனைக் கட்டின. 122 மீற்றர் உயரம். இலங்கையின் அணைகள் யாவற்றினும் உயர்ந்தது. அதன் மின்னிலையத்தின் ஆற்றல் 210 மெகாவாற். 1985ஆம் ஆண்டு ஏப்பிரல் மாதத்தில் அது திறந்து வைக்கப்பட்டது. தேங்கிய நீரில் பழைய தெல்தெனிய நகர் மூழ்கிற்று.

அணை எழுந்துகொண்டிருந்த அக்காலத்திலேதான் ஹொலிவூட் படக்குழு ஒன்று கண்டிக்கு வந்து இறங்கியது. நெறியாளர் ஸ்ரீவன் ஸ்பீல்பேர்க். கதையை வகுத்தவர் ஜோர்ஜ் லூக்காஸ். கதாநாயகன் ஹரிசன் போர்ட். படத்தின் பெயர் ‘இந்தியானா ஜோன்ஸ் அன்ட் த டெம்பிள் ஒஃப் டூம்’. கதை நிகழும் ஆண்டு 1935; நிகழும் நாடு இந்தியா. அவ்வாறாயின் படக்குழு இலங்கைக்கு வந்த காரணம் யாது? வடஇந்தியாவில் படம் பிடிப்பதென்றே முதலில் எண்ணியிருந்தனர். இந்திய அரசாங்கம் கதையைப் படித்துப் பார்த்தது. இந்தியரையும் அவர்தம் வழிபாட்டையும் இழிவுபடுத்துவதாக அதனைக் கண்டது. கதையில் பல மாற்றங்களைச் செய்ய வேண்டும் என்றும், முடிவான படத்தைத் தான் பார்த்து ஒப்புதல் அளிக்க வேண்டும் என்றும் நிபந்தனை விதித்தது. படக்குழு அதற்கு இசையவில்லை. இந்தியாவின் மலைகளுக்குப் பதிலாகக் கண்டியின் மலைகளைத் தேர்ந்தது. 1983ஆம் ஆண்டு ஏப்பிரல் 18ஆம் நாள் படப்பிடிப்புக் கண்டியிலே தொடங்கிற்று.

அம்முடிவினால் கலைஞருக்கு வேலை பெருகியது. உண்மையான அரண்மனை கிட்டாமையால் அதனைக் கண்ணாடி மேல் ஓவியமாகத் தீட்ட வேண்டியதாயிற்று. கிட்டாத கோயிலைச் சிற்றுருவாகச் செய்ய வேண்டியதாயிற்று. இந்தியக் கிராமத்து மக்களாக நடித்தவர்கள் இலங்கையர். கிராமத்து மூத்தோனாகத் தோன்றியவர் சிங்களத் திரையுலகின் புகழ்பெற்ற நடிகர் டி. ஆர். நாணயக்கார. ஆங்கிலம் அறியாத அவர், படக்கருவிக்கு அப்பால் நின்ற ஸ்பீல்பேர்க் சொல்லச் சொல்ல அவ்வொலிகளை அப்படியே திருப்பிச் சொல்லித் தம் பகுதியை நடித்து முடித்தார். சொல்லுக்கும் சொல்லுக்கும் இடையே அவர் நிறுத்திய நிறுத்தம், காண்போருக்கு முதுமையின் பெருமிதமாகத் தோன்றிற்று.

ஜோர்ஜ் கிப்ஸ் இப்படக்குழுவில் பெற்றிருந்த இடத்தை விளங்கிக்கொள்ள, அக்காலத்துத் தந்திரக் காட்சிக் கலையின் இரு கிளைகளை அறிதல் வேண்டும். ஒரு கிளையினர் படச்சுருளின் மேல் வேலை செய்பவர்: தனித்தனியே பிடித்த படங்களை ஒன்றன்மேல் ஒன்று பதித்து ஒரே காட்சியாக ஆக்குபவர், சிற்றுருக்களைப் பேருருவாகக் காட்டுபவர், கண்ணாடி ஓவியம் தீட்டுபவர். மற்றக் கிளையினர் படக்கருவியின் முன்னே, நடிகர் நிற்கும் இடத்திலேயே, உண்மையாகவே ஒன்றை நிகழச் செய்பவர்: மழை பெய்விப்பவர், வெள்ளம் பாய்ச்சுபவர், சுவரை இடிப்பவர், வண்டியை வெடிக்கச் செய்பவர். முதற் கிளையினரின் தவறு பணிக்கூடத்தில் திருத்தப்படும். இரண்டாம் கிளையினரின் தவறு உயிரைப் பறிக்கும். கிப்ஸ் இந்த இரண்டாம் கிளையைச் சேர்ந்தவர். இந்தியானா ஜோன்ஸ் கதைகளுள் 1981ஆம் ஆண்டில் வெளிவந்த முதற்படத்தில் கிற் வெஸ்ற் என்பார் இப்பணியைச் செய்து ஒஸ்கார் பரிசில் பங்கு பெற்றிருந்தார். இரண்டாம் படத்தில் அப்பொறுப்புக் கிப்ஸிடம் வந்தது.

கதையின் உச்சக்கட்டம் கயிற்றுப் பாலம் ஒன்றன்மேல் நிகழ்கின்றது. ஆழ்ந்த மலைப்பிளவு, கீழே ஆறு, ஆற்றிலே முதலைகள். பாலத்தின் நடுவிலே கதாநாயகன். இருபுறமும் வாளேந்திய பகைவர். தப்புவதற்கு வழியின்றி அவன் தான் நிற்கும் பாலத்தையே வாளால் வெட்டுகின்றான். பாலம் இரு கூறாக அறுந்து மலைமுகங்களில் மோதித் தொங்குகின்றது. பகைவர் ஆற்றில் வீழ்கின்றனர். எழுத்தில் இது ஒரு பத்தி. அதனை நிகழ்த்திக் காட்டுவதோ கிப்ஸின் கடமை.

இலங்கை மண்ணில் ஒரு பாலத்தைத் திரைப்படத்துக்காகக் கட்டி அழிப்பது புதுமையன்று. 1957ஆம் ஆண்டில் டேவிட் லீன் என்னும் நெறியாளர், ‘த பிறிட்ஜ் ஒன் த றிவர் குவாய்’ படத்துக்காகக் களனி கங்கையின் மேல் கித்துள்கலவில் பெரியதொரு மரப்பாலம் அமைப்பித்தார். யானைகள் மரம் இழுத்தன. செபீல்ட் நகரத்துப் பொறியியல் நிறுவனம் ஒன்று அதனை வரைந்து கொடுத்தது. புகைவண்டி பாலத்தின்மேல் வரும் கணத்தில் வெடி வெடிக்க வேண்டும். முதல் முயற்சியின்போது, படம் பிடிப்போருள் ஒருவர் பாதுகாப்பான இடத்துக்கு வந்துவிட்டார் என்பதற்கான சமிக்ஞை விளக்கு எரியவில்லை. லீன் வெடிக்க வேண்டாம் என்று தடுத்தார். வண்டியோ பாலத்தைக் கடந்து அப்பாற் சென்று மோதியது. அதனைத் திரும்பத் தண்டவாளத்தில் ஏற்றி மீண்டும் முயன்றபோதே பாலம் தகர்ந்தது. ஒரே முறை செய்யக்கூடிய வேலையின் அச்சம் எத்தகையது என்பதற்கு அந்நிகழ்ச்சி சான்று. ஒரு மனிதனின் உயிருக்காகப் பெரும்பொருட் செலவையும் பொருட்படுத்தாது கையை உயர்த்தித் தடுக்கும் துணிவும் இத்தொழிலின் ஒரு பகுதி என்பதற்கும் அதுவே சான்று.

கிப்ஸின் பாலத்துக்கு வேறொரு சிக்கல் இருந்தது. லீனின் பாலத்தில் வெடிக்கும்போது மனிதர் எவரும் தோன்ற வேண்டியதில்லை. கிப்ஸின் பாலத்திலோ மனிதர் நிறைந்திருக்க வேண்டும். அன்றியும், அறுபடுமுன் அதே பாலத்தின்மேல் நடிகர்கள் உண்மையாகவே நடந்தும் ஓடியும் வர வேண்டும். ஆகவே அது முதல் நாட்களில் எவரையும் வீழ்த்தாத உறுதி உடையதாகவும், இறுதி நாளில் ஒரு நொடியில் அறுந்துபோவதாகவும் இருத்தல் வேண்டும். உறுதியும் நொய்ம்மையும் ஒரே பொருளில் அமைய வேண்டும் என்பது நிபந்தனை.

இங்கேதான் விக்ரோறியா அணை உதவிக்கு வந்தது. படத்தயாரிப்பாளர் றொபேட் வாட்ஸ், அணைக்கட்டு வேலையில் ஈடுபட்டிருந்த பொறியியலாளரை நாடினார். மலைப்பிளவுக்குக் குறுக்கே பாரம் தாங்கும் வடம் இழுப்பது அவர்களுக்குப் பழகிய வேலை. அவர்களே இழுவிசையைக் கணக்கிட்டு, உருக்கு வடங்களைக் கரைக்குக் கரை கட்டினர். அவ்வுருக்கு வடங்கள் கயிறும் மரப்பலகையும் போர்த்தப்பெற்றுப் பழங்காலக் கயிற்றுப் பாலம் போலத் தோன்றின. காண்போர் கண்ணுக்கு நைந்த கயிறு. உள்ளே நவீன உருக்கு. நூறாண்டு நிற்பதற்கென அணை கட்ட வந்தவர்கள், சில வாரங்கள் நின்று அறுபட வேண்டிய பாலத்தையும் கட்டினர். இரண்டுக்கும் கணக்கு ஒன்றே.

ஹரிசன் போர்ட் பாலத்தின்மேல் அஞ்சாது ஓடிக் காட்டினார். நெறியாளர் ஸ்பீல்பேர்க்கோ உயரத்துக்கு அஞ்சுபவர். பாலத்தைக் கடக்க மனமின்றி, மறுகரைக்குச் செல்ல வண்டியில் ஏறிச் சுற்றுவழியே செல்வது அவர் வழக்கமாயிற்று. தாம் கட்டுவித்த பாலத்தில் தாமே நடக்கத் துணியாத அந்நெறியாளர், தம் படத்தின் உயிர்நாடியான காட்சியைக் கிப்ஸின் கையில் ஒப்படைத்தார்.

பாலத்திலிருந்து வீழும் மனிதரைக் காட்டுவதற்கு உயிருள்ளோரைப் பயன்படுத்த இயலாது. வைக்கோற் பொம்மைகளை வைத்தாலோ அவை மூட்டை போல வீழும், காண்போர் சிரிப்பர். ஆகவே கிப்ஸ் பொறி பூட்டிய பாவைகளைச் செய்வித்தார். பாலம் அறும்போது அப்பாவைகள் கைகால்களை உதறித் துடிக்கும்படி அவற்றுள் இயந்திரம் அமைந்திருந்தது. தோற்பாவைக் கூத்திலே கலைஞன் நூலால் ஆட்டுகின்றான். இங்கே நூலும் இல்லை, ஆட்டும் கையும் இல்லை. உருக்கு வடங்களைத் துண்டிப்பதற்கு அளவறிந்த வெடிமருந்து பொருத்தப்பட்டது. மருந்து குறைந்தால் வடம் அறாது. மிகுந்தால் புகையும் தீயும் எழுந்து, வாளால் வெட்டியது என்ற கதையைப் பொய்யாக்கிவிடும். பல திசைகளிலும் படக்கருவிகள் நிறுத்தப்பட்டன. இரண்டாம் பாலம் இல்லை; இரண்டாம் வாய்ப்பும் இல்லை.

வெடி வெடித்தது, பாலம் நடுவிலே அறுந்தது, பாவைகள் துடித்துக்கொண்டே பள்ளத்தில் வீழ்ந்தன. திட்டமிட்டபடியே யாவும் நிகழ்ந்தன. சில நொடிகளில் பல நாளைய உழைப்பு ஆற்றில் கலந்தது. அத்தொழிலில் வெற்றி என்பதன் பொருள் அதுவே.

ஆயினும் திரையில் காணும் காட்சி கண்டியில் மட்டும் எடுக்கப்பட்டதன்று. அறுந்த பாலத்தைப் பற்றிக்கொண்டு நடிகர்கள் ஏறிப் போராடும் பகுதிகள், இலண்டனுக்கு அண்மையிலுள்ள எல்ஸ்ரீ படப்பிடிப்பு நிலையத்திலே, செயற்கை மலைமுகத்தில் தொங்கவிட்ட பாலத்தில் எடுக்கப்பட்டன. கீழே வாய் பிளந்த முதலைகள் அமெரிக்காவின் புளோரிடாப் பகுதியில் படம் பிடிக்கப்பட்டன. மூன்று கண்டங்களில் எடுத்தவை ஒன்றாய்த் தைக்கப்பட்டன. காண்போனுக்கோ ஒரே மலை, ஒரே ஆறு, ஒரே கணம்.

அதே படத்தில் சுரங்கத்தினுள் தண்டவாள வண்டிகள் ஒன்றையொன்று துரத்தும் காட்சியும் இவ்வாறே இரு கிளையினரின் கூட்டு உழைப்பில் பிறந்தது. எல்ஸ்ரீயில் நடிகர்கள் ஏறிச் செல்லத்தக்க உண்மையான தண்டவாளம் வளைந்து வளைந்து அமைக்கப்பட்டது. கலிபோர்னியாவில் ‘இன்டஸ்றியல் லைற் அன்ட் மஜிக்’ என்னும் நிறுவனத்தின் கலைஞர்கள் சிறிய சுரங்கம் ஒன்றைச் செய்தனர். அலுமினியத் தாளைக் கசக்கி வண்ணம் பூசியபோது அது பாறைச் சுவராயிற்று. திரைப்படக் கருவி அச்சிறு சுரங்கத்தினுள் நுழையாதபடியால், நிழற்படம் எடுக்கும் சிறு கருவி ஒன்றனை மாற்றியமைத்துப் பயன்படுத்தினர்.

இவ்வுழைப்புக்கு 1985ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்தில் ஒஸ்கார் பரிசு கிடைத்தது. டெனிஸ் மியூரன், மைக்கேல் மக்அலிஸ்ரர், லோர்ன் பீற்றர்சன், ஜோர்ஜ் கிப்ஸ் ஆகிய நால்வரும் அதனைப் பகிர்ந்துகொண்டனர். விக்ரோறியா அணை திறந்து வைக்கப்பட்டதற்குச் சில வாரங்கள் முன்னரே, அதன் அயலில் அறுந்து வீழ்ந்த பாலம் உலகப் பரிசு பெற்றுவிட்டது.

கிப்ஸின் பிற்காலப் பணிகளுள் இரண்டைச் சற்று விரித்துரைத்தல் தகும். அவற்றுள் முதலாவது, 1988ஆம் ஆண்டில் வெளிவந்த ‘ஹூ பிரேம்ட் றொஜர் றபிற்’. உயிருள்ள நடிகரும் கையால் வரைந்த கேலிச்சித்திரப் பாத்திரங்களும் ஒரே அறையில் உரையாடி உறவாடும் படம் அது. வரைந்த முயல் உண்மையான தட்டை உடைக்க வேண்டும். வரைந்த குழந்தை உண்மையான சுருட்டைப் பிடிக்க வேண்டும். படம் பிடிக்கும் வேளையில் முயலும் இல்லை, குழந்தையும் இல்லை. ஆகவே பொருள்கள் தாமாக அசைந்தாற்போல் அசைய வேண்டும். கிப்ஸும் அவர் துணைவரும் கம்பிகளையும் பொறிக்கைகளையும் கொண்டு அப்பொருள்களை இயக்கினர். பின்னர் ஓவியர்கள் அப்பொறிகளின் மேலேயே பாத்திரங்களை வரைந்து பொறியை மறைத்தனர். ஒருவர் உழைப்பை மற்றவர் உழைப்பால் மறைப்பதே அங்கு ஒத்துழைப்பு. அப்படத்துக்காகக் கிப்ஸ் இரண்டாம் முறையும் ஒஸ்கார் பரிசைப் பிறரோடு பகிர்ந்து பெற்றார்.

இரண்டாவது, 1989ஆம் ஆண்டின் ‘இந்தியானா ஜோன்ஸ் அன்ட் த லாஸ்ற் குருசேட்’. முதல் உலகப் போர்க்காலத்துத் தாங்கி ஒன்று அதற்குத் தேவைப்பட்டது. அரும்பொருட்சாலையிலிருந்து பழைய தாங்கியை வாடகைக்குப் பெறலாமா என்று முதலில் ஆராய்ந்த கிப்ஸ், பின்னர் தாமே ஒன்றைச் செய்யத் துணிந்தார். மண் அகழும் பெரும் பொறி ஒன்றன் சட்டத்தின் மேல், ஏறக்குறைய 36 அடி நீளத்தில், உருக்கினாலேயே அதனைக் கட்டினார். இரண்டு ரேஞ்ச் ரோவர் எஞ்சின்கள் அதனை இயக்கின. இலேசான பொருளால் செய்திருந்தால் வேலை எளிதாயிருக்கும். ஆனால் ஸ்பானிய நாட்டின் கற்பாறை நிலத்தில் அது நாளடைவில் சிதறியிருக்கும். பொய்த் தாங்கியே ஆயினும் பாறை பொய்ப் பாறையன்று என்பதை அவர் அறிந்திருந்தார்.

இவையன்றி, 1985ஆம் ஆண்டில் வெளிவந்த ‘பிறேசில்’ படத்துக்காக றிச்சர்ட் கொன்வேயுடன் பிரித்தானியத் திரைப்படக் கழகத்தின் பரிசையும் கிப்ஸ் பெற்றார். 1992ஆம் ஆண்டின் ‘ஏலியன் 3’ படத்துக்காக மீண்டும் ஒஸ்கார் பரிசுக்குப் பரிந்துரைக்கப்பட்டார். அதற்கு அடுத்த ஆண்டில், 1993இல், ‘ஜுராசிக் பார்க்’ வெளிவந்தது. கணினியில் பிறந்த விலங்குகள் திரையில் உலவின. அன்று முதல் அக்கலையின் போக்கு மாறிற்று. வடம் இழுத்து, மருந்து வைத்து, மூச்சை அடக்கிக் காத்திருந்த தொழில் முற்றாக மறையவில்லை. ஆயினும் அதன் தலைமை கைமாறியது. இன்று ஒரு பாலம் அறுபட வேண்டுமாயின் அதனைக் கணினித் திரையில் எத்தனை முறையும் அறுக்கலாம். பிடிக்கவில்லையாயின் திரும்பவும் ஒட்டலாம்.

கிப்ஸின் பாலத்தைப் போற்றும்போது, அது தாங்கிய கதையையும் மறத்தலாகாது. அப்படத்தில் காளி வழிபாடு நரபலி வழிபாடாகவே காட்டப்பட்டது. இந்திய அரண்மனை விருந்தில் பாம்பும் குரங்கின் மூளையும் பரிமாறப்பட்டன. இந்தியாவில் அப்படம் சில காலம் தடை செய்யப்பட்டது. அம்மன் கோயில் இல்லாத தமிழ் ஊர் ஒன்று உண்டோ? மலையகத் தோட்டங்களில் லயங்களின் அயலே மாரியம்மனையும் காளியையும் தாயென்று கும்பிடும் மக்கள், தம் மலைகளே அப்பொய்க்குப் பின்னணியாக அமைந்ததைக் கண்டு வருந்துவாராயின் அது நியாயமே. உண்மையான வடமும் பலகையும், உண்மையில்லாத ஒரு நாட்டைத் தாங்கி நின்றன.

இதற்குக் கிப்ஸைக் குறை கூறுவது பொருந்தாது. கதையை வகுத்தவர் அவரல்லர். ஆயினும் ஓர் எண்ணம் எழாமற் போகாது. கைத்தொழிலில் பொய் செல்லாது: கணக்குத் தவறினால் வடம் அறும், ஆள் வீழ்வான். கதையிலோ பொய் செல்லும். எழுதியவன் வீழ்வதில்லை, எழுதப்பட்டவனே வீழ்கின்றான். பாலத்தைக் கட்டியவர்கள் காட்டிய பொறுப்பில் ஒரு பங்கைக் கதையை எழுதியவர்களும் காட்டியிருந்தால், இந்திய அரசு கதவை அடைக்க நேர்ந்திராது.

இன்று மகாவலியின் அப்பள்ளத்தில் அந்தப் பாலம் இல்லை. மேலே விக்ரோறியா அணை நிற்கின்றது. அதன் வான்கதவுகள் திறக்கும் நாட்களில் நீர் வீழும் காட்சியைக் காண மக்கள் திரள்கின்றனர். கண்டியிலிருந்து பல்லேகல வழியாக அங்குச் செல்வோர், அணையைக் கட்டிய கைகளே அறுபடுவதற்காக ஒரு பாலத்தையும் கட்டின என்பதையும், அது எவரையும் பலிகொள்ளாமல், குறித்த கணத்தில், குறித்த இடத்தில் அறுந்தது என்பதையும் நினைந்துகொள்ளலாம். அவ்வாறு அறுபடச் செய்தவர் ஜோர்ஜ் கிப்ஸ். படம் முடிந்தபின் திரையில் மேலேறி மறையும் சிற்றெழுத்துக்களிடையே அப்பெயர் இருக்கின்றது. எழுந்து போகாமல் அமர்ந்திருப்போர் அதனைப் படிக்கலாம்.